கைகாட்டிய இடம்

மாதத்தில் இரண்டு நாள்
அவரை எண்ணிவிட்டு வருவது என் உத்தியோகம்.
எண்ணுவதற்கு இருந்தது ஒரே ஒருவர்.
ஆனாலும் எண்ண வேண்டும்.

எங்கள் எழுத்தில் ஒன்று என்பது ஒரு கிடைக்கோடு.
அதை இழுத்து மை உலர ஊதுவேன்.
குற்றம் என்ற கட்டத்தில்: அண்ணன் செய்த சதி.
அண்ணனின் தலை தலைநகரத்தில்
வேறொருவன் பதிவேட்டில் முடிந்துபோயிருந்தது.

இளவரசர் யுன்சொன். சொந்தமாக ஒரு தூரிகைகூட இல்லை.
வீட்டைச் சுற்றிக் கூரை உயரத்துக்குத் தாங்ஜா முள்,
ஒவ்வொன்றும் விரல் நீளம்.
வேலியில் ஒரு துளை, சோறு போக.
நாய் நுழையுமளவு என்று ஆணையில் இருந்தது.
எந்த நாய் என்று இல்லை.

இலையுதிர் காலத்தில் அந்த முள் பழுக்கும்,
மஞ்சளாக, பல் கூசும் புளிப்பாக.
ஒரு பழத்தை இரண்டு கையாலும் ஏந்தித் துளை வழியே நீட்டுவார்,
விருந்தாளி நான் என்பதுபோல.
கைதியிடம் எதையும் வாங்கக்கூடாது.
வாங்கினேன்.
எழுதவில்லை.

ஏழாம் வருடம்
படகுக்காரன் மகள் ஓக்தான் பார்லிச் சோற்றோடு
குனிந்து உள்ளே போனாள்.
பானை மட்டும் வெளியே வந்தது.
அடுத்த கணக்கில் இரண்டு கோடு.
அதற்கடுத்த வருடம் மூன்று.
மேலதிகாரி கேட்டார்: முள்வேலிக்குள் எப்படியடா கூடுகிறது?
பருவமழை ஐயா, என்றேன்.

அரச குலத்துப் பிள்ளைக்குப் பெயர் வைக்க
யாரும் எழுதாத ஓர் எழுத்தைத் தேடிப் பிடிப்பார்களாம்.
தேட அவரிடம் புத்தகமில்லை.
முற்றத்தில் ஒரு பாறை கிடந்தது.
பையனுக்குப் பாறை என்றே பெயர் வைத்தார்: பாவு.

கைதி வெளியேறக்கூடாது என்றுதான் ஆணை.
பாவு வெளியேறினான்.
சேற்றுவெளியில் நண்டு தோண்டினான், விறகு விற்றான்,
உப்புக் காய்ச்சும் தொக்போவிடம் கெட்ட வார்த்தை கற்றான்.
சாயங்காலம் துளை வழியே நுழைந்து
அப்பாவுக்கு அவற்றைச் சொல்லிக் காட்டுவான்.
வேலிக்கு வெளியே நின்று
ஓர் இளவரசர் வயிறு குலுங்கச் சிரிப்பதைக் கேட்டிருக்கிறேன்.

பத்தொன்பதாம் குளிரில் இருமி இருமிப் போனார்.
அதே வாரம், அதே இருமலில், தொக்போ.
நிலம் இறுகியிருந்தது. உப்புப் பாத்திக்குப் பின்னே
ஒரே சரிவில் இரண்டு குழி.
குற்றவாளிக்கு மேடு கிடையாது, கல் கிடையாது.
அடையாளம் வைக்காதீர்கள் என்றேன்.
வெட்டியவர்கள் சொன்னபடி கேட்டார்கள்.

ஆறு வருடம்.
தலைநகரில் மன்னர் வாரிசில்லாமல் செத்தார்.
வம்சக் கிளைகளை ஒவ்வொன்றாக முறித்துப் பார்த்தவர்கள்
கடைசியில் கடலுக்கு வந்தார்கள்,
கொடியும் பல்லக்கும் பட்டுச் சப்பாத்துமாக.

முழங்கால் சேற்றில் நண்டுக்கூடையோடு நின்ற பாவு
கொடியைப் பார்த்ததும் கடலை நோக்கி ஓடினான்.
கரையில் மந்திரிகள் வரிசையாக மண்டியிட்டார்கள்.
அம்பு விடக் குறிபார்க்கிறார்கள் என்று நினைத்து
இன்னும் ஓடினான்.
அலை ஏறிக்கொண்டிருந்தது.
ஓக்தான் சேற்றில் இறங்கி, அவன் தலைமுடியைப் பிடித்து
ஒரு மன்னரைக் கரைக்கு இழுத்து வந்தாள்.

பிறகு என்னைக் கூப்பிட்டார்கள்.
மன்னரின் தந்தை எங்கே?
அவருக்குப் புதுப் பட்டம் வந்திருந்தது, ஒரு மூச்சில் சொல்ல முடியாத நீளம்.
கல் புலி, கல் ஆடு, கல் விளக்கு
மூன்று படகில் வந்துகொண்டிருந்தன.

சரிவில் ஒரே மாதிரி புல்.
காற்று எல்லாவற்றையும் ஒரே பக்கம் சாய்த்தது.
நான் கை நீட்டினேன்.
கை நடுங்கவில்லை. அதுதான் எனக்கு இன்றும் பயம்.

ஓக்தான் அங்கே நின்றாள்.
என் விரல் நுனியைப் பார்த்தாள், பிறகு வேறெங்கோ பார்த்தாள்.
தலைத்துணியை இறுக்கிக் கட்டிக்கொண்டு பல்லக்கில் ஏறினாள்.

மன்னர் ஏழு முறை விழுந்து வணங்கினார்.
எழும்போதெல்லாம், பழக்கத்தில்,
முழங்கால் சேற்றைத் துடைப்பதுபோல் பட்டைத் தட்டினார்.

பழைய பதிவேட்டைக் கழுவிவிடச் சொல்லி உத்தரவு.
ஓடையில் தாள் தாளாக அலசினேன்.
மை கரைந்து மீன்குஞ்சுகளுக்கு நடுவே போயிற்று.
அண்ணன் செய்த சதி போயிற்று. மூன்றும் இரண்டும் போயின.
உலர்ந்த தாளை உப்புவரிக்குத் திருப்பித் தந்தார்கள்.

முதல் பக்கத்தில், வெளிச்சத்தில் பிடித்தால்,
ஒரு கிடைக்கோடு மட்டும் போகவில்லை,
மல்லாந்து படுத்த ஆளைப்போல.
அதன் கீழே எழுதினேன்:
தொக்போவின் மகன், இரண்டு மூட்டை, பாக்கி.